கல் நட ஒரு கட்டளை

வேலிக்கு ஓணான் சாட்சி என்று ஒரு பழமொழி நம்மிடம் உண்டு. நாஞ்சில் நாட்டில் பிறந்தவனுக்கு அதன் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை. கையாலை ஓரத்தில் தலையை ஆட்டிக்கொண்டிருக்கும் அந்தப் பிராணி இந்தப் பக்கத்துக்காரன் கேட்டாலும் ஆமாம் என்னும். அந்தப் பக்கத்துக்காரன் கேட்டாலும் ஆமாம் என்னும். ஓணானாவது தலையை ஆட்டுகிறது. சர்க்காரிடம் கேட்டால் அந்த அசைவுகூடக் கிடைப்பதில்லை என்பது என் பெரியப்பாவின் கட்சி.

அவருடைய விளைக்கும் அடுத்த விளைக்கும் நடுவே இரண்டு மூடு தென்னை நிற்கிறது. அடுத்த விளைக்காரர் அன்னியர் அல்லர். பெரியப்பாவுக்கு அத்தான் முறை. ஒரே குடும்பத்தின் சொத்து ஒரு காலத்தில் பங்குவைக்கப்பட்டபோது அந்த எல்லை உண்டாயிற்று. பங்குவைத்தவர்கள் கயிறு பிடித்து அளந்தார்களா, கண்ணால் பார்த்தே தீர்த்துவிட்டார்களா என்று சொல்ல ஆளில்லை. பிரமாணத்தில் 'கிழக்கே இன்னாருடைய விளை' என்று எழுதியிருக்கிறது. அவர் பிரமாணத்தைப் பார்த்தால் 'மேற்கே இன்னாருடைய விளை' என்றிருக்கிறது. இரண்டும் மெய்தான். எங்கே முடிகிறது, எங்கே தொடங்குகிறது என்பது மட்டும் எழுதப்படவில்லை.

பெரியப்பா மனுப் போட்டார். அளவுக் கட்டணத்தைக் கருவூலத்தில் கட்டி, ரசீதைப் பத்திரமாக வைத்துக்கொண்டார். பிறகு காத்திருந்தார். முதலில் சர்வேயர் மாற்றலாகிப் போனார். புதிதாக வந்தவருக்குப் புலப்படம் கிடைக்கவில்லை. படம் கிடைத்தபோது எதிர்க்கட்சிக்கு நோட்டீஸ் போய்ச் சேரவில்லை. நோட்டீஸ் சேர்ந்தபோது தேர்தல் வேலை வந்துவிட்டது. இப்படியே மூன்று கன்னிப்பூவும் மூன்று கும்பப்பூவும் அறுப்பாயின.

"மக்கா, எனக்குத் தென்னை வேண்டாம். உனக்குண்டுன்னு சொல்லட்டும், இல்லேன்னா இல்லேன்னு சொல்லட்டும். ஒண்ணுமே சொல்லாம இருந்தா நான் என்ன செய்ய?" என்று ஒரு நாள் என்னிடம் கேட்டார்.

கதை எழுதுகிறவனுக்குச் சட்டம் எங்கே தெரியும்? ஆனாலும் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. தப்பான தீர்ப்புக்கு அப்பீல் உண்டு. தீர்ப்பே இல்லாததற்கு எங்கே போவது? இந்த ஒரு கேள்வியைக் கையில் பிடித்துக்கொண்டு பழைய ஏடுகளைப் புரட்டினேன். கிடைத்ததை வாசகர்களோடு பங்கிட்டுக்கொள்கிறேன்.

நிலத்துக்கு எல்லை வகுப்பது நம்மவர்களுக்குப் புதிதன்று. சோழர் காலத்தில் தானமாகக் கொடுத்த நிலத்தைச் சுற்றி ஒரு பெண் யானையை நடத்தி, அது நடந்த வழியில் கல்லும் கள்ளியும் நட்டு எல்லை குறித்ததைச் செப்பேடுகள் சொல்லுகின்றன. யானை நடந்தால் ஊர் முழுக்கப் பார்க்கும். பின்னால் ஒருவனும் 'எனக்குத் தெரியாது' என்று சொல்ல முடியாது. அதைவிடச் சிறந்த நோட்டீஸை எந்த ஆபீஸும் இதுவரை கண்டுபிடிக்கவில்லை. நம் மாவட்டத்துப் பார்த்திவபுரத்திலும் ஒரு சாஸனக் கதை உண்டு. ஒன்பதாம் நூற்றாண்டில் ஆய் மன்னன் கருநந்தடக்கன் அங்கே ஒரு விஷ்ணு கோயிலும், தொண்ணூற்றைந்து மாணவர் படிக்கச் சாலையும் நிறுவினான். அதற்கு வேண்டிய நிலம் முஞ்சிறைச் சபையாருடையது. அரசன் அதைப் பறித்துக்கொள்ளவில்லை. மாற்று நிலம் கொடுத்துப் பெற்றுக்கொண்டான். அரசனே ஆனாலும் அடுத்தவன் வரப்பைத் தாண்டக்கூடாது என்ற எண்ணம் அன்றே இருந்தது என்று கொள்ளலாம்.

வழக்கைத் தீர்ப்பதில் வேகம் எப்படி இருந்தது? பெரிய புராணத்தில் திருவெண்ணெய்நல்லூர் வழக்கை நாம் எல்லோரும் படித்திருக்கிறோம். கிழவர் ஒருவர் சுந்தரரைத் தம் அடிமை என்று சொல்லி ஓலை நீட்டுகிறார். சுந்தரர் அதைக் கிழித்துப் போடுகிறார். ஊர்ச் சபையார் கூடி, கிழவர் எடுத்துக் கொடுத்த மூல ஓலையையும், பாட்டனாரின் கையெழுத்துள்ள வேறு ஓலையையும் ஒப்பிட்டுப் பார்த்து அங்கேயே தீர்ப்புச் சொல்லிவிடுகிறார்கள். வாய்தா கிடையாது. ஆனால் வேகம் மட்டும் நீதியாகிவிடுமா? சிலப்பதிகாரத்துப் பாண்டியன் வேகமாகத்தான் தீர்ப்புச் சொன்னான், மதுரை எரிந்தது. அவசரத்தால் கெட்ட நீதியைப் பற்றி நம்மிடம் ஒரு காவியம் இருக்கிறது. தாமதத்தால் கெட்ட நீதியைப் பற்றி ஒன்றும் இல்லை. தாமதம் மதுரையை எரிப்பதில்லை அல்லவா? அது ஒரு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஒரு மனிதனைத்தான் மெல்ல மெல்ல எரிக்கிறது.

இனி நம் சீமைக்கு வருவோம். இன்றைய கன்னியாகுமரி மாவட்டம் 1956 நவம்பர் 1-ஆம் தேதி வரையில் திருவிதாங்கூரைச் சேர்ந்த நிலம்; கடைசி ஏழாண்டுகள் திருவிதாங்கூர்-கொச்சி. மார்த்தாண்டவர்மா காலத்தில், 1739-இல், மல்லன் சங்கரன் என்பவர் நிலங்களைப் பார்வையிட்டுக் கணக்கெழுதினார். 1811-இல் கர்னல் மன்றோ திவான் பொறுப்பையும் ஏற்று ஜில்லா கோர்ட்டுகளை ஏற்படுத்தினார். அவற்றில் ஒன்று நம் பத்மநாபபுரத்தில் இருந்தது. 1814-இல் அப்பீல் கோர்ட் வந்தது. சர்க்கார் ஊழியர்கள் மீதுள்ள வழக்குகளை விசாரிக்க ஹஜூர் கோர்ட் என்று ஒன்றும் அந்தக் காலத்திலேயே ஏற்பட்டது. 'உத்தியோகஸ்தனையும் கேள்வி கேட்க ஓர் இடம் வேண்டும்' என்ற எண்ணம் நம் நாட்டில் இருநூறு வருஷத்துப் பழையது என்பதைப் பெரியப்பாவிடம் சொன்னேன். "அந்த இடம் இப்போ எங்கே இருக்கு?" என்று கேட்டார்.

சங்கிலி போட்டு அங்குலம் அங்குலமாக அளந்த ரெவினியூ சர்வே திருவிதாங்கூரில் 1883-இல் தொடங்கியது. 1886 பிப்ரவரி 24-ஆம் தேதி மகாராஜாவின் செட்டில்மெண்ட் விளம்பரம் வெளியாயிற்று. வேலை முழுவதும் முடிய இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாயிற்று. இதைக் கேட்டுப் பெரியப்பா சிரித்தார். "அப்போ என் மூணு வருஷம் ஒண்ணுமில்லே" என்றார். ஆனால் அந்தச் சர்வேயின் பிறகு ஒவ்வொரு நிலத்துக்கும் ஓர் எண், ஒரு படம், மூலைக்கு மூலை ஒரு கல் வந்தது. ஓணானுக்குப் பதில் கல் சாட்சியாயிற்று.

அதற்குப் பின் வந்த ஒரு மாறுதல் வரப்புகளைப் பெருக்கியது. நாஞ்சில் நாட்டு வேளாளரிடையே மருமக்கள்வழி நடந்துவந்த கதையைக் கவிமணியின் மான்மியத்தில் படித்துச் சிரித்திருப்பீர்கள். அதில் கண்ணீரும் உண்டு. அந்த முறைக்கு 1926-இல் திருவிதாங்கூர்ச் சட்டம் முடிவு கட்டியது. நல்ல காரியந்தான். ஆனால் கூட்டாக இருந்த சொத்துகள் பங்காயின. ஒரு விளை நாலு விளையாயிற்று. சர்வே கல் பழைய நாலு மூலையில்தான் நின்றது. நடுவே புதிதாக வந்த எல்லைகளுக்கு மறுபடியும் கையாலையும் தென்னையுந்தான் அடையாளம். எங்கள் குடும்பத் தாவா பிறந்தது அப்படித்தான்.

பழைய சென்னை ராஜதானியில் இதற்கென்று 1923-இல் ஒரு சட்டம் வந்தது: சர்வே மற்றும் எல்லைகள் சட்டம். இன்றைக்கும் தமிழ்நாட்டில் அதுவே அஸ்திவாரம். அதன் ஏற்பாடு எளிமையானது. தகராறு இல்லாத எல்லையைச் சர்வே அதிகாரி குறித்துக்கொள்ளலாம். தகராறு இருந்தால் இரு தரப்பையும் விசாரித்து, காரணம் எழுதி, முடிவு செய்ய வேண்டும். அந்த முடிவின் மேல் அப்பீல் உண்டு. சர்வே முடிந்ததாக அறிவிப்பு வெளியான பின் அந்த எல்லையே சரியானது என்று கொள்ளப்படும். அதிலும் குறையுள்ளவன் அறிவிப்பு நாளிலிருந்து மூன்று வருஷத்துக்குள் சிவில் கோர்ட்டில் தாவா போடலாம். குடியானவன் மூன்று வருஷம் தாமதித்தால் உரிமை போய்விடும் என்கிறது சட்டம். அதிகாரி மூன்று வருஷம் தாமதித்தால் என்ன போகும் என்று அங்கே நான் தேடிப் பார்த்தேன். என் கண்ணுக்கு ஒன்றும் அகப்படவில்லை.

அந்த இடைவெளியை அடைக்க வந்த பரிகாரம் இங்கிலாந்தில் பிறந்தது. அதன் பெயர் மாண்டமஸ். லத்தீனில் 'நாம் கட்டளையிடுகிறோம்' என்று பொருள். 1615-இல் பிளிமத் என்ற துறைமுகப்பட்டினத்தில் ஜேம்ஸ் பேக் என்பவர் நகரசபைப் பிரமுகராக இருந்தார். மேயரை வாய்க்கு வந்தபடி ஏசினார் என்று அவரைச் சபையார் நீக்கிவிட்டார்கள். அவர் ராஜாவின் நியாயஸ்தலத்துக்குப் போனார். தலைமை நீதிபதி எட்வர்ட் கோக், முறைப்படி நீக்கவில்லை, திரும்பச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று கட்டளையிட்டார். மரியாதையில்லாத ஒரு மனிதரால் உலகத்துக்கு ஒரு மரியாதையான வழி திறந்தது. பின்னால் 1762-இல் மான்ஸ்பீல்டு பிரபு இன்னும் விரித்துச் சொன்னார். நியாயம் கிடைக்க வேண்டிய இடத்தில் சட்டம் வேறு வழி ஒன்றும் வைக்காவிட்டால் இந்தக் கட்டளை கைகொடுக்க வேண்டும் என்பது அவர் கருத்து.

இந்தக் கட்டளை கப்பலேறி நம் நாட்டுக்கும் வந்தது; ஆனால் துறைமுகத்தை விட்டு உள்ளே வரவில்லை. கல்கத்தா, சென்னை, பம்பாய் ஹைகோர்ட்டுகள் 1877-ஆம் வருஷத்துச் சட்டப்படி இப்படிப்பட்ட உத்தரவைப் போடலாம். ஆனால் அந்த நகர எல்லைக்குள் மட்டும். இதன் அநியாயம் 1943-இல் வெட்டவெளிச்சமாயிற்று. கஞ்சம் ஜில்லாவில் பர்லாக்கிமிடி ஜமீன் குடியானவர்கள், ரெவினியூ போர்டு தங்கள் வாரத்தை உயர்த்தியதை எதிர்த்து, அந்த உத்தரவை ரத்து செய்யும் ரிட் ஒன்று கேட்டார்கள். ரெவினியூ போர்டு இருந்ததோ சென்னைப் பட்டணத்தில். ஆனாலும் நிலமும் குடியானவர்களும் பட்டணத்துக்கு வெளியே இருப்பதால் சென்னை ஹைகோர்ட்டுக்கு அந்த அதிகாரம் இல்லை என்று லண்டன் பிரிவி கவுன்சில் சொல்லிவிட்டது. வயல் இருப்பது கிராமத்தில்; ரிட் இருப்பது பட்டணத்தில். விளங்குமா?

இந்த வேலியை உடைத்தது நமது அரசியல் சட்டம். 1950 ஜனவரி 26-ஆம் தேதி முதல் 226-ஆவது பிரிவின்படி ஒவ்வொரு ஹைகோர்ட்டும் தன் எல்லைக்குள் எந்த மூலையில் இருக்கும் எந்த அதிகாரிக்கும் பேராணை அனுப்பலாம். தோவாளை மலையடிவாரத்தில் கால் சென்ட் நிலம் வைத்திருப்பவனும் கேட்கலாம். பெரிய புரட்சிகளைப் பற்றி நாம் நிறையப் பேசுகிறோம். இந்தச் சிறிய புரட்சியைப் பற்றி அவ்வளவாகப் பேசுவதில்லை.

ஆனால் கதவு திறந்திருந்தால் போதுமா? கதவுக்குப் போக வழி வேண்டாமா? நாஞ்சில் நாட்டானின் கதவு இடம் மாறிக்கொண்டே இருந்தது. 1887 முதல் திருவனந்தபுரத்தில் ஹைகோர்ட் இருந்தது. அது எட்டும் தூரம். 1949-இல் திருவிதாங்கூரும் கொச்சியும் இணைந்தபோது அது எறணாகுளத்துக்குப் போயிற்று. 1956-இல் நாம் தாய்த் தமிழகத்தோடு சேர்ந்தோம். அதற்காகப் பாடுபட்டவர்களையும் உயிர் கொடுத்தவர்களையும் நன்றியோடு நினைக்க வேண்டும். ஆனால் அன்றிலிருந்து நம் ஹைகோர்ட் சுமார் எழுநூறு கிலோமீட்டர் தள்ளிச் சென்னையில் இருந்தது. நாகர்கோவிலுக்கு ரயில் வந்ததே 1979-இல்தான். அதற்கு முன் ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியே பஸ்ஸில் திருநெல்வேலி போய், அங்கே ரயிலேற வேண்டும்.

எங்கள் பாட்டா அந்தக் காலத்தில் இதே எல்லைக்காக ஒரு மனுப் போட்டார். பதில் வரவில்லை. வக்கீல் ஒருவர், 'மெட்ராஸில் ரிட் போடலாம்' என்றாராம். பாட்டா போக்குவரத்துச் செலவைக் கணக்குப் பார்த்தார். இரண்டு தென்னையும் ஆயுள் முழுக்கக் காய்த்தாலும் அந்தச் செலவுக்குக் காணாது. மனுவின் நகலை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டார். அதுதான் பெரியப்பாவுக்கு அவர் விட்டுப்போன வில்லங்கம்.

2004 ஜூலை 24-ஆம் தேதி மதுரையில் ஹைகோர்ட் கிளை திறந்தது. குமரி மாவட்டமும் அதில் அடங்கும். காலையில் பஸ் ஏறினால் வக்கீலைப் பார்த்துவிட்டு இரவுக்குள் வீடு திரும்பலாம். சில வருஷங்களுக்கு முன் ஒரு நாள் பெரியப்பாவோடு நானும் போனேன். வக்கீல் இளைஞர், பொறுமைசாலி. பெரியப்பா தென்னையின் வயதிலிருந்து கதையை ஆரம்பித்தார். வக்கீல் கையமர்த்தி, "மனுக் கொடுத்ததற்கு அத்தாட்சி இருக்கிறதா?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார். கருவூல ரசீதும், பதிவுத் தபாலின் ஒப்புகை அட்டையும் மேஜைமேல் வந்தன. "இது போதும்" என்றார்.

அன்று அவர் எங்களுக்கு விளக்கியதை என் வார்த்தையில் தருகிறேன். யாருக்காவது உபயோகப்படலாம்.

ஹைகோர்ட் தென்னை யாருடையது என்று சொல்லாது. அது சாட்சி விசாரித்து முடிவு செய்ய வேண்டிய விஷயம்; முன்சீப் கோர்ட்டுக்குப் போக வேண்டும். அங்கே கமிஷனர் ஒருவரை நியமித்து, சர்வேயரை வைத்து அளக்கச் சொல்லலாம். சர்க்காரையும் பிரதிவாதியாக்குவதானால் பொதுவாக இரண்டு மாத நோட்டீஸ் முன்கூட்டிக் கொடுக்க வேண்டும். ரிட் கோர்ட்டின் வேலை வேறு. 'உனக்குச் சட்டம் ஒரு கடமை கொடுத்திருக்கிறது, இவர் உன்னிடம் கேட்டிருக்கிறார், நீ செய்யவில்லை, இத்தனை வாரத்துக்குள் செய்' என்று அதிகாரியிடம் சொல்வதுதான். என்ன முடிவு என்று சொல்லாது. முடிவு செய் என்று மட்டும் சொல்லும். அடுத்த விளைக்காரருக்கும் நோட்டீஸ் கொடுத்துக் கேட்க வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்லும். உத்தரவை வேண்டுமென்றே மீறினால் கோர்ட் அவமதிப்பு. 1971-ஆம் வருஷச் சட்டப்படி ஆறு மாதம் வரை காவலும், இரண்டாயிரம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். ஆனால் ஒரு வருஷத்துக்குள் அந்தக் கதவைத் தட்டிவிட வேண்டும்.

இதில் ஒரு குறையும் உண்டு. 'பரிசீலித்து முடிவு செய்' என்று கோர்ட் சொன்னால், 'பரிசீலித்தோம், இயலாது' என்று ஒரு வரியில் பதில் எழுதிவிடவும் கூடும். அப்போது மறுபடி முதலிலிருந்து நடக்க வேண்டும். இன்னொன்றையும் நியாயமாகச் சொல்ல வேண்டும். ஒரு சர்வேயரின் தலையில் எத்தனையோ கிராமங்கள். கோர்ட் உத்தரவு பெற்றவனின் மனு மேலே வந்தால், உத்தரவு பெற வசதியில்லாதவனின் மனு கீழே போகும். மதுரைக்குப் போக முடிந்த பெரியப்பா, போக முடியாத யாரோ ஒரு கிழவரின் முறையைத் தட்டிப் பறித்தாரோ என்னவோ? மத்தியப் பிரதேசம் 2010-இலும், நம் அண்டையிலுள்ள கேரளம் 2012-இலும், சர்க்கார் வேலைகளுக்குக் கெடு வைத்து, தவறினால் அதிகாரிக்கு அபராதம் விதிக்கச் சட்டம் செய்தன. கோர்ட்டுக்குப் போகாமலே பதில் கிடைப்பதுதான் உண்மையான பரிகாரம். கட்டளை கேட்டு நூறு பேர் மதுரைக்குப் போகிறார்கள் என்றால் அது கோர்ட்டுக்குப் பெருமையாக இருக்கலாம், ஆபீஸுக்குப் பெருமையில்லை.

பெரியப்பாவுக்கு உத்தரவு கிடைத்தது. பன்னிரண்டு வாரக் கெடு. பத்தாவது வாரம் சர்வேயர் வந்தார். நல்ல மனிதர், வெயிலில் நின்று, பழைய கல்லைத் தேடிக் கண்டுபிடித்து, படத்தை விரித்து, ஒரு காலைப் பொழுதில் அளந்து முடித்துவிட்டார். இரண்டு தலைமுறை காத்திருந்த காரியத்துக்கு மூன்று மணி நேரம் ஆயிற்று! புதுக் கல் இரண்டு தென்னைக்கும் நடுவே விழுந்தது. ஒன்று பெரியப்பாவுக்கு, ஒன்று அத்தானுக்கு.

ஆனால் அத்தான் இல்லை. அவர் அதற்கு ஐந்து வாரம் முன்னால் காலமாகிவிட்டார். தகராறு முற்றியதிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை கிடையாது. எங்கள் பக்கத்தில் என்ன விரோதம் இருந்தாலும் துட்டிக்குப் போகாமல் இருக்க மாட்டார்கள். பெரியப்பா போகவில்லை. 'எல்லை தெரியட்டும், பிறகு போகிறேன்' என்று சொல்லிக்கொண்டிருந்த மனிதர், அன்று திண்ணையில் உட்கார்ந்து அடுத்த வீட்டு அழுகையைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

கல் நட்ட அன்று மாலை அவர் அந்த வீட்டுப் படியேறினார். நானும் கூடப் போனேன். அத்தானுடைய மகன் நாற்காலி எடுத்துப் போட்டான். வெகுநேரம் ஒருவரும் பேசவில்லை. கடைசியில் பெரியப்பா, "அந்த ஒரு மூடு உங்களுக்குத்தான் மக்கா, கல்லு போட்டாச்சு" என்றார். அவன் தலையை ஆட்டினான்.

சட்டப் புத்தகத்தில் தாமதத்துக்குப் பரிகாரம் இருக்கிறது. அது சாமானியனுக்கு எட்டும் தூரத்துக்கும் வந்துவிட்டது. அதற்காக நான் மனதார மகிழ்கிறேன். ஆனால் காத்திருந்த காலத்தில் போனதைத் திருப்பிக் கொடுக்க எந்தக் கோர்ட்டும் கட்டளையிட முடியாது. மேஜைமேல் ஒரு மனுவைத் தள்ளிவைக்கும் கைகள் இதை ஒரு நிமிஷம் நினைத்துப் பார்த்தால் போதும். அந்தக் காகிதத்தின் இரண்டு பக்கத்திலும் மனிதர்கள் நிற்கிறார்கள்.